கொடி மாறினால் காணி உறுதி செல்லாதா?

"இது வெள்ளைக்காரர் காலத்துக் கடதாசி. இதற்கு இன்றும் பெறுமதி உண்டா?" இடம்பெயர்ந்த குடும்பங்கள் பழைய உறுதிகளை விரித்து வைத்துக் கேட்கும் கேள்வி இது. வரலாறு தரும் விடையைப் பார்ப்போம்.

ஒரு நாடு இன்னோர் அரசின் கைக்கு மாறும்போது, ஆளும் உரிமையும் பழைய அரசுக்குச் சொந்தமான காணிகளுமே புதிய அரசைச் சேர்கின்றன. குடிமக்களின் சொந்தக் காணி அவர்களிடமே இருக்கும். இதுவே பொதுவான சட்டக் கொள்கை.

ஸ்பெயினின் வசமிருந்த புளோரிடா, 1819ஆம் ஆண்டு உடன்படிக்கையின் மூலம் அமெரிக்காவுக்குக் கொடுக்கப்பட்டது. அங்கே பெர்ச்மன் என்பவருக்கு ஸ்பானிய ஆளுநர் 1815இல் 2,000 ஏக்கர் அளித்திருந்தார். அமெரிக்க அரசு அதனை மறுத்தது. 1833இல் உச்ச நீதிமன்றம், ஆட்சி மாறியதால் தனியார் காணி உரிமை அழியாது எனத் தீர்ப்பளித்தது.

ஆனால் உரிமை இருந்தால் மட்டும் போதாது. கலிபோர்னியாவை மெக்சிகோவிடமிருந்து 1848இல் பெற்ற அமெரிக்கா, 1851இல் ஒரு சட்டம் இயற்றியது. பழைய அளிப்புகளை வைத்திருந்தோர் இரண்டு ஆண்டுகளுக்குள் ஆணைக்குழுவின் முன் கோரிக்கை வைக்க வேண்டும். தவறியோரின் காணி அரச காணியாகக் கருதப்பட்டது.

நமது நாட்டிலும் இவ்விரண்டும் நடந்தன. 1796இல் ஒல்லாந்தரின் கரையோரப் பகுதிகள் ஆங்கிலேயர் வசமாயின. ஒல்லாந்தர் காலத்துச் சட்டங்களே தொடரும் என 1799இல் பிரகடனம் செய்யப்பட்டது. 1707இல் தொகுக்கப்பட்ட தேசவழமை, 1806இல் ஆங்கிலேயராலும் ஏற்கப்பட்டது. தோம்பு எனப்பட்ட காணி இடாப்புகளும் சான்றாக மதிக்கப்பட்டன.

பின்னர் வந்தது 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். காடு, தரிசு, பயிரிடாத நிலம் என்பன, மாறாக நிரூபிக்கப்படும் வரை முடிக்குரியவை என்றது அச்சட்டம். தோம்பு இல்லாத கண்டிப் பகுதிகளில் சேனை நிலத்துக்கு உரிமை கோரியவர் சன்னசு அல்லது அளிப்பைக் காட்டவேண்டும். அல்லது இருபது ஆண்டுகளுக்குள் வழமையான வரியோ ஊழியமோ செலுத்தியதை நிரூபிக்கவேண்டும். தலைமுறையாகச் சேனை செய்தும் எழுத்துச் சான்று இல்லாதோர் இதனால் பெரிதும் பாதிக்கப்பட்டனர்.

1948இல் சுதந்திரமும் 1972இல் குடியரசும் வந்தன. முடிக்குரிய காணி அரச காணியாயிற்று. எனினும் முடியின் பெயரால் வழங்கப்பட்ட அளிப்புகள் அதனால் செல்லாதவையாகவில்லை. அவற்றில் எழுதப்பட்ட நிபந்தனைகளும் அப்படியே தொடர்கின்றன.

இங்கே ஒன்றைக் கவனிக்கவேண்டும். 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் பெற்ற அனுமதிப்பத்திரம் வேறு, அளிப்பு வேறு. அனுமதிப்பத்திரம் வைத்திருப்பவரின் காணி இன்னும் அரச காணியே. அதனை விரும்பியவாறு விற்க முடியாது.

ஆகவே நாம் செய்யவேண்டியவை:

1. கையில் இருப்பது நொத்தாரிசு உறுதியா, அளிப்பா, அனுமதிப்பத்திரமா என்பதை முதலில் அறிந்துகொள்ளுங்கள்.

2. உறுதியோ அளிப்போ தொலைந்திருந்தால் காணிப் பதிவகத்தில் பதிவின் பிரதியைக் கேளுங்கள். உறுதி எரிந்தாலும் உரிமை எரிந்துவிடாது.

3. அனுமதிப்பத்திரம் தொலைந்திருந்தால் பிரதேச செயலகத்தில் விசாரியுங்கள். பின்னுரித்தாளர் பெயர் பதியப்பட்டுள்ளதா என்றும் பாருங்கள்.

4. பழைய வரைபடம், வரிப் பற்றுச்சீட்டு, எல்லைக் காணிக்காரரின் பெயர்கள் ஆகியவற்றைச் சேர்த்து வையுங்கள்.

5. தனியார் காணியில் வேறொருவர் இருந்தால் காலந் தாழ்த்தாது சட்ட ஆலோசனை பெறுங்கள். பத்து ஆண்டுத் தடையற்ற எதிரிடை ஆட்சி அவருக்கு உரிமை தேடித்தரக்கூடும்.

கலிபோர்னியாவில் குறித்த காலத்துக்குள் கடதாசியோடு போகாதோர் காணியை இழந்தனர். வயது முதிர்ந்தோர் நம்மோடு இருக்கும்போதே எல்லைகளையும் உரித்தையும் கேட்டு எழுதி வைப்போம்.