மும்பை ஆட்டங்களும் பிளேஸ்டேஷனின் உள்நிரலும்

மும்பையைச் சேர்ந்த டிரைன் கேம்ஸ் நிறுவனம் ‘ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ்’, ‘ரா.ஒன்’ திரைப்படத்தை ஒட்டி 2011-இல் வெளிவந்த வீடியோ கேம் ஆகியவற்றைச் சோனியின் பிளேஸ்டேஷன் 2 ஆட்டப் பெட்டிக்காக உருவாக்கியது. அந்தப் பெட்டியின் தயாரிப்பு நின்று பல ஆண்டுகள் ஆகிவிட்டதால், இத்தகைய ஆட்டங்களை இனி ஆடிப் பார்க்க, பழுதில்லாத பழைய பெட்டி கிடைக்க வேண்டும்; இல்லையேல், கணினியை அந்தப் பெட்டி போலவே நடக்கச் செய்யும் எமுலேட்டர் என்னும் மென்பொருளை நாட வேண்டும்.

பெட்டியின் மின்சுற்றுகளைப் பாவனை செய்வதோடு எமுலேட்டரின் வேலை முடிவதில்லை. மின்சாரம் பாய்ந்தவுடன் முதலில் ஓடத் தொடங்கி, வட்டைப் படித்து, மெமரி கார்டைக் கையாண்டு, ஆட்டம் கேட்கும் அடிப்படைப் பணிகளைச் செய்து தருவது சிப்பிலேயே பதிந்துள்ள, ‘பயாஸ்’ எனப்படும் 4 எம்பி உள்நிரலே. அதன் பதிப்புரிமை சோனியிடம் இருப்பதால் ‘பிசிஎஸ்எக்ஸ்2’ எமுலேட்டர் அதை உடன் தருவதில்லை. பயனரே தம் பெட்டியிலிருந்து படியெடுத்துக்கொள்ள வேண்டும்.

ஆனால் எல்லாப் பெட்டியிலும் ஒரே உள்நிரல் இல்லை. 2000 மார்ச்சில் ஜப்பானில் வந்த முதல் பெட்டியில் டிவிடி படம் காட்டும் நிரல் மெமரி கார்டில் தனியே தரப்பட்டு, பின்னரே உள்ளே சேர்க்கப்பட்டது. பின்னர் வந்த 75000 மாதிரி வரிசையில், அதுவரை பெட்டிக்குள் இருந்த முதல் பிளேஸ்டேஷனின் செயலி நீக்கப்பட்டு, வேறொரு செயலி அதைப் பாவனை செய்ததால் சில பழைய ஆட்டங்கள் தடுமாறின; சோனியின் பெட்டியே ஓர் எமுலேட்டரைச் சுமந்தது என்பது இவ்வரலாற்றில் மிகவும் கவனிக்கத்தக்க செய்தி. 2008-க்குப் பின் தயாரான 90000 வரிசைப் பெட்டிகள் பலவற்றில் மெமரி கார்டு வழியே வெளி நிரல்களை ஏற்றும் பாதை அடைக்கப்பட்டதால், படியெடுப்பதும் கடினமாயிற்று. மும்பை ஆட்டங்கள் வெளிவந்தபோது தயாரிப்பில் இருந்தது இந்த வரிசையே.

உள்நிரலைப் படியெடுப்பதைச் சட்டம் முற்றிலும் தடுக்கவில்லை. எமுலேட்டர் உருவாக்குவதற்காகப் பிளேஸ்டேஷன் உள்நிரலைப் படியெடுத்து ஆராய்ந்தது நியாயமான பயன்பாடே என்று, கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மீது சோனி தொடுத்த வழக்கில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000-இல் தீர்ப்பளித்தது. இந்தியாவின் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவும், ஒரு நிரலை முறையாக வைத்திருப்பவர் இழப்பிலிருந்து காக்க அதைப் படியெடுக்க இடமளிக்கிறது. குறை வேறிடத்தில் உள்ளது: 2012 திருத்தத்தின்படி, வணிக நோக்கற்ற பொது நூலகம் ஒரு படைப்பைப் பாதுகாப்புக்காக மின்னணு வடிவில் சேமிக்கலாம், ஆனால் மின்னணு அல்லாத படி ஒன்று ஏற்கெனவே அதனிடம் இருக்க வேண்டும். பிறப்பிலேயே மின்னணுவான ஆட்டத்துக்கும் உள்நிரலுக்கும் அப்படியொரு படி எங்கும் கிடையாது. தாராவியின் 13 காம்பவுண்டு போன்ற மறுசுழற்சி இடங்களில் பழைய மின்சாதனங்கள் நாள்தோறும் உடைக்கப்படும் மும்பையில், இந்த நிபந்தனையை இவ்வகைப் படைப்புகளுக்கு நீக்குவதைத் தள்ளிப்போடக் கூடாது.