தென்னிந்தியாவின் முதல் கதைப்படம்... ஓர் அடி ஃபிலிம்கூட மிஞ்சவில்லை!

மாமல்லபுரத்தில் ஐந்து ரதங்களில் மிகச் சிறியது திரௌபதி ரதம். பல்லவர் காலத்துக் கற்கோயிலுக்குப் பாரதக் கதைப் பெயரைப் பிற்காலத்து மக்கள் வைத்தார்கள். அந்த அளவுக்கு நம் ஊரில் திரௌபதியின் கதை பிரபலம். தென்னிந்தியாவில் முதன்முதலில் கதைப்படம் எடுத்தவரும் அவள் கதையைத்தான் தேர்ந்தெடுத்தார். அவர் பெயர் ஆர்.நடராஜ முதலியார்.

வேலூர்க்காரரான முதலியாருக்குச் சென்னையில் கார், உதிரி பாக வியாபாரம். தாதாசாகேப் பால்கேயின் படங்களைப் பார்த்ததும் சினிமா ஆசை தொற்றிக்கொண்டது. புனேயில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளரிடம் கேமரா இயக்கக் கற்றார். சென்னை திரும்பி, கீழ்ப்பாக்கம் பக்கம் மில்லர்ஸ் சாலையில் 'இந்தியா ஃபிலிம் கம்பெனி'யைத் தொடங்கினார்.

முதல் படம் 'கீசக வதம்' (1917-18). விராட மன்னன் அரண்மனையில் திரௌபதியிடம் அத்துமீறிய கீசகனைப் பீமன் கொல்லும் கதை. மௌனப் படம், வசனம் எழுத்து அட்டைகளில் வரும். தயாரிப்பு, இயக்கம், ஒளிப்பதிவு எல்லாமே முதலியார்தான். மின்விளக்கு வசதி இல்லை. மேலே மெல்லிய வெள்ளைத்துணி கட்டி, அதில் வடிந்த வெயிலில் படம்பிடித்தார். எடுத்த ஃபிலிமைக் கழுவ பெங்களூருக்குப் போகவேண்டும். செலவு சுமார் 35,000 ரூபாய். வசூல் 50,000 ரூபாய் என்கிறார்கள்!

அடுத்து 'திரௌபதி வஸ்திராபகரணம்', 'லவகுசா', 'மார்க்கண்டேயா' என வரிசையாகப் புராணப் படங்கள். ஆனால் 1923-ல் ஸ்டூடியோ தீக்கிரையானது. மகனையும் பறிகொடுத்தார். மனமுடைந்த முதலியார் சினிமாவை விட்டே விலகினார்.

அன்றைய நைட்ரேட் ஃபிலிம் சட்டென்று தீப்பற்றும். பாதுகாக்காவிட்டால் மட்கி உதிர்ந்துவிடும். பால்கேயின் 'காளிய மர்தன்' (1919) பெருமளவு தப்பித்தது. முதலியாரின் படங்களில் ஒன்றுகூட இன்று இல்லை.

அவர் கேமரா கற்ற அதே புனேயில், 1964-ல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் உருவானது. 1970-களின் தொடக்கம்வரை வாழ்ந்த முதலியார் அப்போது உயிரோடுதான் இருந்தார். காப்பகத்தில் வைக்கத்தான் அவர் படம் எதுவும் மிஞ்சவில்லை.

உங்கள் வீட்டுப் பரணில் தாத்தா பாட்டி கல்யாண வீடியோ கேசட் கிடக்கிறதா? பூஞ்சை பிடிப்பதற்குள் டிஜிட்டலுக்கு மாற்றிவிடுங்கள்!