சுளுக்கென்னும் ஒரு சொல்

கிறிக்கெற் பந்து விரல் நுனியிற் பட்டு மூட்டு வீங்கினாற் 'சுளுக்கு' என்று ஒரு சொல்லில் முடித்துவிடுகின்றோம். உலக சுகாதார நிறுவனம் 1990ஆம் ஆண்டு ஏற்ற நோய் வகைப்பாட்டின் பத்தாந் திருத்தமோ இதனை மூன்றாகப் பகுத்துள்ளது. மூட்டு விலகினால் எஸ் 63.1, மூட்டுநார் இழுபட்ட சுளுக்காயின் எஸ் 63.6, பெருவிரலொழிந்த விரலின் எலும்பு முறிந்தால் எஸ் 62.6. வைத்தியர் எம்மொழியினராயினும் குறியீடு ஒன்றே.

இப்பகுப்பு ஏட்டளவில் நிற்பதன்று. முறிந்த விரலைச் சுளுக்கென்று கருதி இழுத்து உருவினால், அவ்விரல் பின்னர்ச் செவ்வனே மடங்காதொழியலாம். வீக்கம் மூன்றிற்கும் பொது. எக்ஸ்-கதிர்ப் படமே முறிவைத் தெளிவாகக் காட்டும்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் மானிப்பாயில் வைத்தியர் கிறீன் தமிழில் மருத்துவங் கற்பித்தபோது, கலைச்சொற்களையும் வகுக்க நேர்ந்தது. பெயர் பிழைத்தாற் சிகிச்சையும் பிழைக்கும்.

மாணவர்காள், வீங்கிய விரலை இழுக்கற்க, வைத்தியரை நாடுக.