20 அடி பைப்பில் எத்தனை துண்டு?

காக்களூர் சிட்கோ எஸ்டேட்டில் ஒரு ஃபேப்ரிகேஷன் பட்டறைன்னு வெச்சுக்கோங்க. 100 துண்டுக்கு ஆர்டர், ஒவ்வொண்ணும் இரண்டே முக்கால் அடி. பைப் வர்றது 20 அடி நீளத்தில். எத்தனை பைப் வாங்கணும்?

சட்டுனு போடுற கணக்கு: மொத்தம் 275 அடி, 20-ஆல வகுத்தா 13¾. சரி, 14 பைப். ஆனா ரெண்டு துண்டு குறையும்!

ஒரே ஒரு பைப்பை முதல்ல பார்ப்போம். பள்ளியில் சொன்ன ‘தலைகீழாக்கிப் பெருக்கு’ பலருக்கு இன்னும் மந்திரம்தான். நான் எல்லாத்தையும் கால் அடியா எண்ணிடுவேன். 20 அடியில் 80 கால். இரண்டே முக்காலில் 11 கால். 80-ஐ 11-ஆல வகுத்தா 7, கூடவே 3/11.

இந்த 3/11, அடி இல்லை. ஒரு துண்டில் 3/11 பங்கு. அதாவது முக்கால் அடி, ஒன்பது இஞ்ச். அது ஸ்கிராப். மிச்சத்தை எல்லாம் ஒட்டவெச்சு எண்ணினதுதான் அந்த 275 அடிக் கணக்கு. பைப்புக்கு ஏழுன்னா 14 பைப்பில் 98தான். 15 வாங்கணும்.

கட்டிங் வீல் தின்கிற தடிமன் அந்த ஒன்பது இஞ்சுக்குள்ள அடங்கிடும். துண்டு இரண்டரை அடின்னா வகுத்தா சரியா எட்டு வரும்; ஆனா வீல் தின்னதுபோக எட்டாவது துண்டு குட்டையாத்தான் இருக்கும்.