ஐந்தாம் ஹென்றியின் கைதிகள்

ஷேக்ஸ்பியரின் ‘ஐந்தாம் ஹென்றி’யில் நான்காம் அங்கத்தின் ஆறாம் காட்சி நாற்பது வரிக்குள் முடிந்துவிடும். 1415 அக்டோபர் 25, அஜின்கோர்ட் போர்க்களம். இரண்டு பிரபுக்கள் கட்டிப்பிடித்தபடி செத்துக் கிடந்த கதையைக் கேட்டு ராஜாவுக்குக் கண் கலங்குகிறது. அந்த நேரத்தில் எதிரிப் பக்கம் மறுபடி முழக்கம். பிரெஞ்சுக்காரர்கள் திரும்பத் திரள்கிறார்கள் என்று எண்ணிய ராஜா, அவரவர் பிடித்து வைத்திருக்கும் கைதிகளை அவரவர் கொன்றுவிட வேண்டும் என்று உத்தரவு போடுகிறார். அடுத்த காட்சியில் கவர் என்ற கேப்டன் வந்து, மூட்டைமுடிச்சுகளோடு இருந்த சிறுவர்களைப் பிரெஞ்சுக்காரர்கள் வெட்டிப் போட்டார்கள், அதற்குப் பதிலடியாகத்தான் ராஜா கைதிகளின் கழுத்தை அறுக்கச் சொன்னார், செய்தது நியாயமே என்று மெச்சுகிறார். ஆனால் சிறுவர்கள் செத்த செய்தி வரும் முன்பே ராஜா வாய் திறந்துவிட்டதை நாம் பார்த்துவிட்டோம்.

ஷேக்ஸ்பியர் கையில் வைத்திருந்த ஹாலின்ஷெட்டின் வரலாற்றில் ஆங்கிலேயரின் கூடாரம் சூறையாடப்பட்ட பிறகுதான் அந்த உத்தரவு வருகிறது. வரிசையை மாற்றியவர் நாடக ஆசிரியர். தெரிந்தே மாற்றினாரா, அவசரத்தில் மாறியதா என்பது தீராத வழக்கு. என்னைக் கேட்டால், ராஜா செய்ததற்குக் கேப்டன் பிறகு காரணம் சொல்வது தற்செயலாக அமையக்கூடிய காட்சி இல்லை.

இந்த உத்தரவை ஒவ்வொரு காலமும் என்ன செய்தது என்று பார்த்தால் போதும், ஆங்கில நாடகங்களை அரசியலாகப் படிப்பதில் நடந்த மாற்றம் முழுவதும் தெரிந்துவிடும்.

1944-இல் லாரன்ஸ் ஒலிவியே எடுத்த வண்ணப்படத்தில் அந்த உத்தரவே கிடையாது. நார்மண்டியில் நேச நாட்டுப் படைகள் இறங்கிய அதே ஆண்டு அது. படம் பிரிட்டனின் கமாண்டோக்களுக்கும் வான்வழிப் படையினருக்கும் சமர்ப்பிக்கப்பட்டது. நாடகத்தின் வரிகளில் ஏறக்குறைய பாதி போய்விட்டன. சரணடையாவிட்டால் உங்கள் பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் என்ன நடக்கும் தெரியுமா என்று ஆர்ஃப்ளர் நகர வாசலில் ராஜா விடும் மிரட்டல் இல்லை. சதி செய்த சொந்தப் பிரபுக்கள் மூவரைக் கொல்ல அனுப்பும் காட்சியும் இல்லை. மிஞ்சியது வீரம். இதில் ஒரு வேடிக்கை: இங்கிலாந்தின் வெற்றியைப் பாடும் அந்தப் போர்க்காட்சி, இரண்டாம் உலகப் போரில் நடுநிலை வகித்த அயர்லாந்தில், அயர்லாந்துக்காரர்களையே படைவீரர்களாக நிறுத்திப் படமாக்கப்பட்டது.

அதே காலத்தில் கேம்பிரிட்ஜில் டில்லியார்ட் ‘எலிசபெத்தன் வேர்ல்டு பிக்சர்’ என்ற சிறு நூலையும், 1944-இல் ஷேக்ஸ்பியரின் வரலாற்று நாடகங்கள் பற்றிய பெரிய நூலையும் வெளியிட்டார். கடவுள் முதல் கல் வரை எல்லாம் ஒரே சங்கிலியில் படிப்படியாகக் கோத்திருக்கிறது. 1399-இல் இரண்டாம் ரிச்சர்டை அரியணையிலிருந்து இறக்கிய பாவம் நாட்டைப் பிடித்து ஆட்டியது. 1485-இல் டியூடர் வம்சம் வந்து அது தீர்ந்தது. ஷேக்ஸ்பியர் காலத்து ஜனங்கள் இப்படித்தான் நம்பினார்கள் என்றார். குண்டு விழும் நாட்டில் ஒழுங்கைப் பற்றிய புத்தகம் எடுபட்டதில் ஆச்சரியம் இல்லை. நம் ஊர் எம்.ஏ. ஆங்கில வகுப்புகளிலும் அந்தச் சிறு நூல் பல தலைமுறைக்கு நோட்ஸாக ஓடியது. இத்தனைக்கும் ‘ஐந்தாம் ஹென்றி’ டில்லியார்டுக்கு அவ்வளவாகப் பிடிக்காத நாடகம்.

அன்றைக்கு எல்லோரும் ஒரே குரலில் பேசினார்கள் என்று நினைத்துவிடக் கூடாது. விமர்சகர் ஹேஸ்லிட் 1817-லேயே இந்த ராஜாவை வெளுத்து வாங்கியிருந்தார். ஆனால் வகுப்பறையில் அந்தக் குரல் அடிக்குறிப்பாகவே இருந்தது.

அடிக்குறிப்பு மேலே ஏறியது 1980-களில். அமெரிக்காவில் விமர்சகர் ஸ்டீபன் கிரீன்பிளாட், ஹென்றி நாடகங்களை வர்ஜீனியாவுக்குப் போன தாமஸ் ஹாரியட் 1588-இல் அச்சிட்ட அறிக்கையோடு சேர்த்து வைத்துப் படித்தார்: அதிகாரம் தன்மேல் எழும் சந்தேகங்களைத் தானே எழுப்பிவிட்டு, தானே விழுங்கிக்கொள்கிறது என்பது அவர் கட்சி. தாட்சர் காலத்துப் பிரிட்டனில் ஜொனாதன் டாலிமோரும் ஆலன் சின்ஃபீல்டும் அவ்வளவு எளிதில் விடவில்லை. விழுங்கியது தொண்டையில் சிக்கிய இடங்களைத் தேடினார்கள். நாடகத்தின் முதல் காட்சியில் இரண்டு பிஷப்புகள் ரகசியம் பேசுகிறார்கள். திருச்சபை நிலத்தைப் பறிக்கும் மசோதா வருகிறது, அதிலிருந்து தப்ப ராஜாவின் பிரான்ஸ் போருக்குப் பணம் கொடுப்போம் என்பது அவர்கள் கணக்கு. முன்பு சிரித்துக் கடந்துபோன காட்சியை இந்தத் தலைமுறை சாட்சிக் கூண்டில் ஏற்றியது.

கெனத் பிரானாவின் 1989 படத்தில் பிஷப்புகள் இருக்கிறார்கள், சதிகாரர்கள் இருக்கிறார்கள், சேறும் மழையும் இருக்கின்றன, தூக்கில் தொங்கும் ராஜாவின் பழைய நண்பனும் இருக்கிறான். போரின் கோரத்தைக் காட்டிய படம் என்று பெயர் வாங்கியது. கைதிகளைக் கொல்லும் உத்தரவு மட்டும் அதிலும் இல்லை.

அது மேடையில் முழு வெளிச்சத்துக்கு வந்தது 2003-இல். இராக் போர் தொடங்கிய சில வாரங்களில், மே மாதம், லண்டன் நேஷனல் தியேட்டரில் நிக்கோலஸ் ஹைட்னர் இந்த நாடகத்தை இன்றைய உடையில் மேடையேற்றினார். ராஜாவாக ஏட்ரியன் லெஸ்டர் என்ற கறுப்பின நடிகர். போருக்கு நியாயம் சொல்லும் ஆர்ச்பிஷப் அமைச்சர்களுக்குக் கோப்புகளை வழங்குகிறார். அந்த நாட்களில் லண்டனில் கோப்பு என்றால் இராக் போருக்கு நியாயம் சொல்லி அரசு வெளியிட்ட கோப்பு என்று யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. கைதிகள் மேடையிலேயே கொல்லப்பட்டார்கள். ‘ஐந்தாம் ஹென்றி, போர்க் குற்றவாளியா?’ என்ற தலைப்பில் ஆக்ஸ்ஃபோர்டு ஒரு நூலை 2000-த்திலேயே வெளியிட்டிருந்தது. 2010-இல் வாஷிங்டனில் அமெரிக்க உச்ச நீதிமன்ற நீதிபதிகளே அமர்ந்து நடத்திய மாதிரி விசாரணையில், கைதிகள் விஷயத்தில் தீர்ப்பு ஹென்றிக்கு எதிராகப் போனது.

இந்த நாடகத்தை வெட்டும் கத்தரிக்கோல் ஒலிவியே கண்டுபிடித்தது இல்லை. 1600-இல் அச்சான முதல் பதிப்பான குவார்ட்டோவில் பிஷப்புகளின் ரகசியப் பேச்சு இல்லை. ஒவ்வொரு அங்கத்தையும் தொடங்கிவைக்கும் கோரஸும் இல்லை. அந்தக் கோரஸில் ஓரிடத்தில், அயர்லாந்திலிருந்து வெற்றியோடு திரும்பப்போகும் ஒரு தளபதிக்கு வாழ்த்து வருகிறது. 1599-இல் அங்கே போன எசெக்ஸ் பிரபுதான் அவர் என்பது பலரின் கருத்து. எசெக்ஸ் தோற்றுத் திரும்பி, 1601 பிப்ரவரியில் கலகம் செய்து தலையிழந்தார். குவார்ட்டோவில் இல்லாத பகுதிகளை அரசியல் பயத்தால் வெட்டினார்கள் என்கிறார்கள் சிலர், நாடகத்தைச் சுருக்க வெட்டினார்கள் என்கிறார்கள் சிலர். நமக்குக் கிடைத்திருக்கும் முழுப் பாடம் 1623 ஃபோலியோவில் வந்தது. கைதிகள் உத்தரவோ இரண்டிலும் உண்டு. அந்தக் காலத்து வாசகர் அதை அச்சில் படித்தார், 1944-இன் ரசிகர் பார்க்கவில்லை.

இன்றைய வாசிப்பின் பக்கமே என் சாய்வு. ஆனாலும் ஒரு குறை உண்டு. ராஜாவின் ஒவ்வொரு சொல்லையும் பாசாங்கு என்று வைத்து நடிக்கும் தயாரிப்புகள் பெருகிவிட்டன. போருக்கு முன் ராஜா தன் ஆட்களை உசுப்பும் கிறிஸ்பின் நாள் பேச்சைக் கிண்டலாகப் பேசவைத்தால் நாடகம் அந்த இடத்திலேயே படுத்துவிடும். முந்தின இரவில் வில்லியம்ஸ் என்ற சாதாரணச் சிப்பாய், போரின் காரணம் நியாயமில்லை என்றால் வெட்டுண்ட கைகால்களுக்கு ராஜாதான் கணக்குச் சொல்ல வேண்டும் என்று மாறுவேடத்தில் வந்த ராஜாவிடமே சொல்கிறான். அதற்கு நேரான பதில் அவனுக்குக் கிடைக்கவில்லை. மறுநாள் காலை அந்தப் பேச்சைக் கேட்டு அவனும்தான் களத்தில் இறங்குகிறான். அவன் ஏன் இறங்கினான் என்பது விளங்க வேண்டுமென்றால், பேச்சு பார்வையாளருக்கும் சிலிர்க்க வேண்டும்.