நட்சத்திரம் கடோத்கஜன்

ஹைதராபாத் ‘சுரபி’ குழுவின் மேடை மாயம்

மேடையில் தட்டு நிறையப் பலகாரம். கடோத்கஜன் வாயைத் திறக்கிறான். லட்டுகள் தாமாகவே எழும்பிப் பறந்து வாய்க்குள் விழுகின்றன. அரங்கம் அதிர்கிறது. கண்ணுக்குத் தெரியாத நூல், திரைக்குப் பின்னால் ஒரு உறவினரின் கை. ரகசியம் அவ்வளவுதான்.

சுரபி குழுவின் புகழ்பெற்ற தெலுங்கு இசை நாடகம் ‘மாயாபஜார்’. தமிழர்களுக்கு வத்சலாவாகத் தெரிந்த சசிரேகாவின் காதல்தான் கதை. ஆனால் கைதட்டலை அள்ளுவது அந்த அரக்கன்.

தமிழ் மேடையில் எஸ்.ஜி. கிட்டப்பாவின் குரலைக் கேட்கவே கூட்டம் கூடியது. 1933-ல் அவர் மறைந்ததும் அந்த மேடையே மங்கியது. சுரபியில் நட்சத்திரம் நடிகரல்ல, பாத்திரம். ஒரு தலைமுறை ஏந்திய கதாயுதம் அடுத்த தலைமுறையின் கைக்கு வருகிறது.

1885-ல் கடப்பை மாவட்டத்து சுரபி கிராமத்தில் வனாரச கோவிந்தராவ் தொடங்கிய குடும்பக் கலை இது. பெண் வேடத்தைப் பெண்களே ஏற்க ஆரம்பத்திலேயே வழிவிட்டது. குடும்பம் பெருகப் பெருகக் குழுக்களும் பெருகின. சினிமாவும் டி.வி.யும் வந்தபின் விரல்விட்டு எண்ணும் அளவுக்குச் சுருங்கின.

குழுவை நடத்திய ‘சுரபி பாப்ஜி’ நாகேஸ்வரராவுக்கு 2013-ல் பத்மஸ்ரீ கிடைத்தது. 2022-ல் அவரும் மறைந்தார். ஆனால் விருதால் மட்டும் வயிறு நிரம்பாது. குழுவில் பிறக்கும் பிள்ளைகள் படித்து வேறு வேலைக்குப் போனால் குறை சொல்வதற்கில்லை. கடோத்கஜனுக்கு வயதாவதில்லை, நூலைப் பிடிக்கும் கைகளுக்குத்தான் வயதாகிறது.