காதைக் கொடுத்த பெண்கள்

கப்பலின் மேல்தளத்திலிருந்து இரண்டு கயிறுகள். அவற்றில் கட்டித் தொங்கவிட்ட ஒரு பலகை. அதில் உட்கார்ந்தபடி சுத்தியலால் இரும்புத் தகட்டைத் தட்டிக்கொண்டே இருப்பார் ஒரு பெண். துரு உதிரும், பழைய பெயின்ட் உதிரும். பக்கத்திலும் கீழேயும் இதே வேலையில் இன்னும் சில பெண்கள்.

தென் கொரியாவின் புசான் துறைமுகத்தில், யோங்டோ தீவின் டேபியோங்-டோங் பகுதியில் பல ஆண்டுகள் இதுதான் அன்றாடக் காட்சி. 'காங் காங்' என்ற அந்தச் சத்தமே ஊருக்குப் பெயராயிற்று: காங்காங்கி. தட்டிய பெண்கள் 'காங்காங்கி அஜிமே'க்கள். அஜிமே என்றால் அந்த ஊர் வழக்கில் அத்தை, அக்கா மாதிரி.

1950-ல் போர் மூண்டு சியோல் வீழ்ந்ததும் தற்காலிகத் தலைநகரானது புசான். லட்சக்கணக்கில் அகதிகள் குவிந்தார்கள். வழியில் பிரிய நேர்ந்தால் யோங்டோ பாலத்தில் சந்திப்பதாகப் பேசிவைத்துக்கொண்டு கிளம்பிய குடும்பங்கள் ஏராளம். கப்பலுக்கு வழிவிடத் தூக்கப்படும் அந்தப் பாலம் (1934-ல் திறக்கப்பட்டது) அவ்வளவு பிரபலம். காத்திருந்த பலருக்கு யாரும் வரவில்லை. 1953 ஜூலையில் போர் நின்றது. வடக்கே திரும்பும் வழியும் அடைபட்டது. மலைச்சரிவுகளில் பலகைக் குடிசைகள் முளைத்தன. ஆமி-டோங்கில் ஜப்பானியரின் பழைய இடுகாட்டின் மேலேயே வீடு. கல்லறைக் கற்களே படிக்கட்டு.

ஆண்கள் துறைமுகத்தில் மூட்டை தூக்கினார்கள். பெண்கள் ஜகால்சி சந்தையில் மீன் விற்றார்கள். பின்னாளில் ஆழ்கடல் மீன்பிடிப்பு வளர்ந்து பழுதுபார்ப்புத் தளங்கள் நிரம்பியபோது, கணவனை இழந்தவர்களும் குடும்பத்தைத் தனியே சுமந்தவர்களும் சுத்தியலை எடுத்தார்கள். துருவின்மேல் பெயின்ட் நிற்காது. சிப்பி படிந்த கப்பல் வேகம் இழக்கும், எண்ணெயும் கூடுதலாகக் குடிக்கும். எனவே கரையேறிய கப்பலில் முதல் வேலை இவர்களுடையதுதான். கொரியாவின் கப்பல் சாதனை என்றதும் உல்சானின் பிரம்மாண்டத் தளங்களைக் காட்டுகிறவர்கள் இந்தப் பலகைகளைக் காட்டுவதில்லை.

கூலியில் பிள்ளைகள் படித்தார்கள். விலை? வேலை முடிந்து வீடு திரும்பிய பிறகும் சத்தம் காதை விட்டுப் போகாது. வயதானபோது பலருக்குக் காதே கேட்காமல் போயிற்று.

1966-ல் தூக்குவதை நிறுத்திய யோங்டோ பாலம் 2013 முதல் மறுபடி தூக்கப்படுகிறது, வேடிக்கை பார்க்கக் கூட்டமும் கூடுகிறது. காங்காங்கியில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் சுவர் முழுக்க, சுருக்கம் விழுந்த ஒரு மூதாட்டியின் முகம். வரைந்தவர் ஜெர்மன் ஓவியர் ஹென்ட்ரிக் பைகிர்ஷ். கீழே பட்டறைகளில் கப்பல் வேலை நடந்துகொண்டிருக்கிறது.